ஒரே கணினியில் ஈவ் ஒன்லைன் இரண்டு சாளரங்களில்: தடுப்பது நினைவகமா, விதியா?

பரந்தன் பெடியன் (கேள்வி)

அனைவருக்கும் வணக்கம். கிளிநொச்சியில் பழையதாக வாங்கிய ஒரு கணினியில் ஆறேழு மாதங்களாக ஈவ் ஒன்லைன் என்ற விண்வெளி இணைய விளையாட்டை விளையாடி வருகிறேன். அதில் இருப்பவை ஐ5-4570, 8 ஜீபி றாம் (ஒரே அட்டை), 2 ஜீபி ஜீடிஎக்ஸ் 750 டிஐ கிராபிக்ஸ் அட்டை ஆகியவை. வின்டோஸ் 120 ஜீபி எஸ்எஸ்டியிலும், விளையாட்டு 500 ஜீபி பழைய வன்தட்டிலும் இருக்கின்றன. நான் பணம் கட்டாத ஆல்பா கணக்கில்தான் விளையாடுகிறேன்.

வெஞ்சர் கப்பலில் கனிமம் வெட்டும்போது அதன் 5,000 கன மீற்றர் கிடங்கு நிரம்பியவுடன் வெட்டுவதை நிறுத்திவிட்டு நிலையத்துக்கு ஓட வேண்டியிருக்கிறது. இரண்டாவது சாளரத்தில் ஒரு சரக்குக் கப்பலை நிறுத்தி வைத்தால், வெட்டுகிறவர் வெட்டிக்கொண்டே இருக்க மற்றவர் ஏற்றி இறக்கலாம் என்று நினைத்தேன். முதலில் என் கணக்கிலேயே இரண்டாவது பாத்திரம் ஒன்றை உருவாக்கி மறு சாளரத்தில் நுழைந்தபோது முதற் சாளரத்தின் தொடர்பு அறுந்து போனது. பிறகு வேறு மின்னஞ்சலில் புதிய கணக்கு ஒன்றைத் திறந்தேன். உள்நுழைவுத் திரை வரை வந்தது, அதற்கு மேல் விடவில்லை. அந்தத் திரைக்கு வருவதற்கே நாலைந்து நிமிடங்கள் பிடித்தன என்பதையும், அந்த நேரம் முழுவதும் வன்தட்டின் சிவப்பு விளக்கு அணையாமல் எரிந்துகொண்டிருந்தது என்பதையும் சொல்ல வேண்டும்.

மெய்நிகர் கணினி ஒன்றை (கணினிக்குள் மென்பொருளாக ஓடும் இன்னொரு கணினி) உள்ளே அமைத்து அதில் இரண்டாவது பிரதியை ஓட்டினால் எல்லாம் தீரும் என்று கடையில் ஒருவர் சொன்னார். அது சரியா? ஒரே விசையை அழுத்த இரண்டு சாளரங்களிலும் ஒரே வேலை நடக்கும்படி செய்யும் மென்பொருள் ஒன்றையும் அவர் காட்டினார். அதைப் பயன்படுத்தலாமா?

புதுக்குடியிருப்பிலிருந்து

தம்பி, உங்கள் சிக்கலில் பாதி கணினியில் இல்லை, விதியில் இருக்கிறது. ஆகையால் அதை முதலில் சொல்லிவிடுகிறேன்.

ஈவில் ஒரு கணக்கில் மூன்று பாத்திரங்கள் வரை வைத்திருக்கலாம், ஆனால் ஒரு நேரத்தில் ஒருவர்தான் உள்ளே இருக்க முடியும். எனவே முதற் சாளரம் அறுந்தது பழுது அன்று. இரண்டாவது கணக்கை விடாததற்குக் காரணம் வேறு: ஆல்பா கணக்கு ஒன்று உள்ளே இருக்கும்போது அதே கணினியில் வேறு எந்தக் கணக்கும் சேர்ந்து ஓட முடியாது. மற்றக் கணக்குக்குப் பணம் கட்டி அதை ஒமேகா ஆக்கினாலும் இது மாறாது, இரண்டுமே ஒமேகாவாக இருந்தால்தான் வழி திறக்கும். 2016 நவம்பரில் ஆல்பா முறை வந்தபோதே இந்தக் கட்டுப்பாடும் சேர்ந்து வந்தது. யாரும் இலவசமாகப் பத்துக் கப்பல்களைக் கொண்டு வந்து ஒரு கனிமப் பட்டையைத் துடைத்துவிட்டுப் போகாமல் இருப்பதற்கு அது தேவைதான் என்பது என் எண்ணம். மெய்நிகர் கணினியை வைத்து இதைத் தாண்டுவதையும் விதிமீறலாகவே கொள்கிறார்கள்.

விசையைப் பல சாளரங்களுக்குப் பெருக்கி அனுப்பும் மென்பொருளைத் தொடவே வேண்டாம். ஈவில் அது 2015 ஜனவரி 1 முதல் தடை. வேர்ல்ட் ஒஃப் வோர்கிராஃப்ட் விளையாட்டிலும் பல கணக்குகளை ஒரே நேரத்தில் வைத்திருப்பதைத் தடுக்காமல், இந்த வகை மென்பொருளை மட்டும் 2020 நவம்பரில் விலக்கினார்கள். ஒரு விசை, ஒரு சாளரம், ஒரு செயல் என்பதே இரண்டு இடங்களிலும் எல்லைக்கோடு. எத்தனை சாளரங்களைத் திறந்தீர்கள் என்பதைவிட, ஒவ்வொன்றையும் உங்கள் கையால்தான் ஓட்டினீர்களா என்பதைத்தான் பார்க்கிறார்கள்.

இதை நான் பட்டறிந்து சொல்கிறேன். வேறொரு விளையாட்டில் இதைப் போன்ற மென்பொருளால் நான்கு வருடம் வளர்த்த பாத்திரத்தை ஒரே இரவில் இழந்தேன். மேன்முறையீட்டுக்கு இரண்டு வரியில் பதில் வந்தது, அவ்வளவுதான்.

வவுனியா வன்பொருள்

விதியை மேலே அண்ணா தெளிவாகச் சொல்லிவிட்டார். நாளை நீங்கள் இரண்டு ஒமேகா கணக்குகள் எடுத்தாலும் இந்தக் கணினி இன்றைய நிலையில் தாங்குமா என்பதைப் பார்ப்போம். அந்தச் சிவப்பு விளக்கு ஒன்றே போதும், நோயைச் சொல்லிவிடுகிறது.

ஒரு நிரலை இரண்டு முறை திறக்கும்போது அதன் இயக்கக் கட்டளைகள் அடங்கிய பகுதியை வின்டோஸ் நினைவகத்தில் ஒரு தரம் மட்டும் வைத்து இரண்டுக்கும் பகிர்ந்து கொடுக்கும். இதைக் கேள்விப்பட்டுத்தான் பலர் இரண்டாவது பிரதி மலிவாக வரும் என்று நினைக்கிறார்கள். ஆனால் விளையாட்டுகளில் கட்டளைப் பகுதி சிறியது. கப்பல்கள், நிலையங்கள், படங்கள், ஒலிகள் என்று பெரும் பகுதியை ஒவ்வொரு பிரதியும் தனக்கென்று தனியாக ஏற்றிக்கொள்ளும். 8 ஜீபியில் வின்டோஸும் உலாவியும் தங்கள் பங்கை எடுத்த பிறகு எஞ்சுவது ஒரு பிரதிக்குச் சரி, இரண்டுக்குத் தட்டுப்பாடு. இடம் போதாதபோது வின்டோஸ் நினைவகத்தில் இருப்பதைத் தட்டில் உள்ள பேஜ் கோப்புக்கு மாற்றி மாற்றி எழுதுகிறது. சுழலும் வன்தட்டில் அந்த வேலை நடந்தால் உங்களுக்கு நாலைந்து நிமிடம் பிடித்தது வியப்பன்று. எனவே பேஜ் கோப்பு எங்கே இருக்கிறது என்று பாருங்கள், எஸ்எஸ்டி சிறியது என்று யாரோ அதை வன்தட்டுக்கு மாற்றியிருக்கக்கூடும்.

கிராபிக்ஸ் அட்டையின் 2 ஜீபியும் இதே கதைதான். அது நிரம்பினால் படங்கள் கணினியின் முதன்மை நினைவகத்துக்கு வழிந்து, அங்கிருந்து மெதுவாக வந்து சேரும். இதே அட்டை முன்பு என்னிடம் இருந்தது. படத்தரத்தை ஆகக் குறைத்தபோதுதான் இரண்டு சாளரங்கள் அதற்குள் அடங்கின. சரக்குக் கப்பல் சாளரத்தில் உங்களுக்குத் தேவைப்படுவது பட்டியல்களும் பொத்தான்களும்தான். கன்ட்ரோல், ஷிப்ட், எஃப்9 மூன்றையும் சேர்த்து அழுத்தினால் ஈவ் விண்வெளிக் காட்சியை வரைவதையே நிறுத்திவிடும். பின்புலம் கறுப்பாக இருக்கும், பட்டியல்கள் வழக்கம்போல வேலை செய்யும். இதோடு என்விடியா அமைப்புப் பலகையில் பின்னணிச் செயலிகளுக்கான உச்ச ஃபிரேம் வீதத்தை 20 அல்லது 30 என்று வைத்தால், நீங்கள் பார்க்காத சாளரம் வீணாக உழைக்காது.

மெய்நிகர் கணினி உங்களுக்கு உதவாது, விதியை ஒரு பக்கம் வைத்தாலும் உதவாது. அதற்குள் இன்னொரு முழு வின்டோஸை எழுப்ப வேண்டும், அது இருக்கிற 8 ஜீபியில் இன்னொரு பெரிய துண்டை வெட்டிக்கொண்டு போகும். கிராபிக்ஸ் அட்டையும் உள்ளே நேரடியாகத் தெரியாது. பசித்தவன் வீட்டுக்கு விருந்தாளியை அனுப்புகிற வேலை அது.

றாம் வாங்குவதானால் ஒரு எச்சரிக்கை. உங்களுக்குத் தேவையானது டிடிஆர்3 1600, சாதாரண மேசைக்கணினி வகை. சேர்வர்களில் இருந்து கழற்றிய றெஜிஸ்டர்ட் வகை அட்டைகளும் அதே அளவில், அதே வெட்டுடன், பாதி விலைக்குக் கிடைக்கும். உங்கள் பலகையில் அவை வேலை செய்யா. கடையில் கணினியை எழுப்பிப் பார்த்துவிட்டு வாங்குங்கள். இரண்டாவது 8 ஜீபியைச் சரியான துளையில் போட்டால் நினைவகம் இரு தடத்திலும் ஓடும்.

ஈவைத் தவிர வேறு விளையாட்டுகளை நினைத்து இங்கே வருபவர்களுக்கும் ஒன்று சொல்ல வேண்டும். சில விளையாட்டுகள் இரண்டாவது பிரதியை எழும்பவே விடாமல் தடுப்பதற்குப் பெரும்பாலும் மியூடெக்ஸ்தான் காரணம். பேருந்தில் சன்னலோர இருக்கையில் கைக்குட்டையைப் போட்டு இடம் பிடிப்பதைப் போல, முதற் பிரதி எழும்பும்போது வின்டோஸிடம் ஒரு பெயரைப் பதிந்து வைக்கிறது. அடுத்து வருவது அந்தப் பெயரைக் கண்டவுடன் திரும்பிப் போய்விடும். கைக்குட்டையை எடுத்து எறியும் கருவிகள் இருக்கின்றன, ஆனால் ஏமாற்றுத் தடுப்பு மென்பொருள் உள்ள விளையாட்டில் அதைச் செய்தால் நீங்கள் நிரலில் கைவைத்தவராகத்தான் தெரிவீர்கள்.

பரந்தன் பெடியன்

இருவருக்கும் நன்றி. வவுனியா அண்ணா நினைவகத்தைப் பற்றிச் சொன்னதைப் படித்துவிட்டு டாஸ்க் மனேஜரைத் திறந்து பார்த்தபோது வெட்கமாகிவிட்டது. ஈவ் ஒரு சாளரம் மட்டும் ஓடும்போதே நினைவகம் 91 சதவீதத்தில் நின்றது. பட்டியலை அளவுப்படி வரிசைப்படுத்தியதில் இரண்டாவதாக இருந்தது தம்பியின் அன்ட்ரொய்ட் எமியூலேட்டர் (கைபேசி விளையாட்டுகளைக் கணினியில் ஓட்டும் மென்பொருள்), ஏறக்குறைய 2.4 ஜீபி. அவன் தன் விளையாட்டின் சாளரத்தை மூடிவிட்டுப் படிக்கப் போய்விடுகிறான்; அதுவோ கணினி எழும்பும்போதே தானும் எழும்பும்படி தன்னைப் பதிந்து வைத்துக்கொண்டு பின்னால் இருந்திருக்கிறது. அதை ஸ்டார்ட்அப் பட்டியலில் இருந்து நீக்கி, பேஜ் கோப்பையும் எஸ்எஸ்டிக்கு மாற்றினேன் (அது உண்மையிலேயே வன்தட்டில்தான் இருந்தது). இப்போது ஒரு சாளரம் எப்போதும் இல்லாத வேகத்தில் ஓடுகிறது.

இரண்டாவது ஆல்பாக் கணக்கைக் கைவிட்டேன். இரண்டு ஒமேகாவுக்கு வெளிநாட்டுக் காசில் மாதாமாதம் கட்டுவதும் இப்போதைக்கு எங்களுக்குக் கட்டாது. முள்ளியவளையில் இருக்கும் மாமாவின் மகனும் ஈவ் விளையாடுகிறான், ஆல்பாதான். அவன் தன் கணினியில் சரக்குக் கப்பலில் வந்தால் விதிக்கு முரணா? விடுமுறையில் அவன் தன் மடிக்கணினியுடன் எங்கள் வீட்டுக்கு வந்து ஒரே ரௌட்டரில் இருவரும் விளையாடினால் என்ன?

மாங்குளம் பழைய ஆள்

தம்பி, இரண்டு ஆட்கள், இரண்டு கணினிகள், ஆளுக்கு ஒரு கணக்கு என்றால் அது சாதாரண விளையாட்டு, தாராளமாகச் செய்யுங்கள். ஆல்பாக் கட்டுப்பாடு ஒரே கணினியில் இரண்டு கணக்குகள் ஓடுவதைப் பற்றியது. ஒரு ரௌட்டரின் பின்னால் அண்ணன் தம்பி இருவர் இருப்பது உலகம் முழுவதும் நடப்பதுதான். அவன் எழும்பிப் போன நேரம் அவன் கணக்கை நீங்கள் ஓட்டுவது மட்டும் கூடாது, ஏனென்றால் கணக்கைப் பகிர்வதற்குத் தனியே தடை இருக்கிறது.

இணையத்தைப் பற்றி நீங்கள் கேட்கவில்லை, ஆனால் அடுத்து அதைத்தான் கேட்பீர்கள். எங்கள் பக்கத்து நாலாம் தலைமுறை ரௌட்டர் இரண்டு பேருக்குத் தாராளமாகப் போதும். நான் என் ரௌட்டரில் பார்த்த அளவில் ஒரு மணி நேர விளையாட்டுக்குச் சில பத்து மெகாபைற்றுகளே போகின்றன. டேட்டாவைத் தின்பது விளையாட்டு அன்று, புதுப்பிப்புகள்தான். ஒரே கணினியில் எத்தனை சாளரம் திறந்தாலும் ஈவ் தன் கோப்புகளை ஒரு பொதுக் கிடங்கில் வைப்பதால் ஒரு தரம் இறக்கினால் போதும். மச்சானின் மடிக்கணினி வேறு என்பதால் அவன் தன் வீட்டிலேயே இறக்கிக்கொண்டு வரட்டும். தூரத்தால் வரும் தாமதத்துக்கும் பயப்பட வேண்டாம். ஈவின் வழங்கி விநாடிக்கு ஒரு தரம்தான் கணக்கெடுக்கிறது, ஆகவே துப்பாக்கிச் சண்டை விளையாட்டுகளைப் போல இங்கே கால் விநாடியில் தலை போகாது.

கரன்ட் விடயம் அப்படியல்ல. மாரி காலத்தில் இடி முழங்கினால் எங்களுக்கு எப்போது நிற்கும் என்று சொல்ல முடியாது. ஈவில் தொடர்பு அறுந்தால் கப்பல் தானாகவே பத்து இலட்சம் கிலோமீற்றர் தள்ளிப் பாய்ந்து ஒளிந்துகொள்ளப் பார்க்கும். ஆனால் யாராவது அந்த நேரம் உங்களைப் பிடித்து வைத்திருந்தால் அது பாய முடியாமல் நின்ற இடத்திலேயே நிற்கும். ஒரே வீட்டில் இருவரும் விளையாடும்போது வெட்டுகிற கப்பல், ஏற்றுகிற கப்பல் இரண்டும் ஒரே கணத்தில் கைவிட்டுப் போகும். மடிக்கணினிக்கு மின்கலம் இருக்கிறது என்று அவன் நிம்மதியாக இருப்பான், ரௌட்டர் செத்துவிட்டால் அதனால் பயனில்லை. சிறிய யூபிஎஸ் ஒன்றை வாங்கி, கணினியோடு ரௌட்டரையும் அதில் மாட்டுங்கள். இரண்டு கப்பல்களையும் நிலையத்துக்குள் விட ஐந்து நிமிடம் போதும்.

இன்னொன்று, வழங்கி நாள்தோறும் பராமரிப்புக்காக நிற்பது சர்வதேச நேரம் 11:00 மணிக்கு, எங்களுக்கு மாலை 4:30. பள்ளிக்கூடம் விட்டு வந்து இருவரும் 4:00 மணிக்குத் தொடங்கினால் கிடங்கு நிரம்பும் நேரத்தில் அது உங்களை வெளியே தள்ளிவிடும்.

பரந்தன் பெடியன்

மிக்க நன்றி ஐயா. 4:30க்கு ஏன் நாள்தோறும் அறுகிறது என்று இவ்வளவு காலமும் ரௌட்டரைத்தான் திட்டிக்கொண்டிருந்தேன். மச்சானோடு பேசிவிட்டேன், ஐந்து மணிக்குப் பிறகு தொடங்குகிறோம். றாம் அட்டையை அடுத்த மாதம் கணினியையும் கையோடு கொண்டுபோய் மாட்டிப் பார்த்தே வாங்குவேன்.