கடற்கரையே இல்லாத பொலிவியாவுக்குக் கடற்படை இருப்பது ஏன்?

கேள்வி

வணக்கம். நான் பள்ளியில் சமூக அறிவியல் கற்பிக்கிறேன். தென் அமெரிக்க நிலப்படத்தை விளக்கும்போது, அக்கண்டத்தில் நாற்புறமும் நிலத்தால் சூழப்பட்ட நாடுகள் பொலிவியாவும் பராகுவேயும் மட்டுமே என்று சொன்னேன். உடனே ஒரு மாணவி எழுந்து, பொலிவியாவுக்குக் கடற்படை உண்டு என்று பொது அறிவு நூலில் படித்ததாகவும், கடல் இல்லாத நாட்டுக்கு அது எதற்கு என்றும் கேட்டாள். சிலியோடு நடந்த போரில் கடற்கரையை இழந்த நாடு அது என்று அப்போதைக்குப் பதில் சொல்லிவிட்டேன். அந்தப் பதில் எனக்கே நிறைவு தரவில்லை. பத்து சென்டாவோ (நம் பைசா போன்ற சில்லறை நாணயம்) வரிக்காக அந்தப் போர் மூண்டது என்று பல இடங்களில் ஒற்றை வரியில் எழுதியிருக்கிறார்கள். அத்தனை சிறிய வரிக்காக ஒரு நாடு தன் கடற்கரை முழுவதையும் இழந்திருக்க முடியுமா? விவரம் அறிந்தவர்கள் விளக்கினால் அடுத்த வகுப்பில் அந்த மாணவிக்கு ஒழுங்காகச் சொல்வேன்.

மறுமொழி 1

வணக்கம் ஆசிரியரே. வரி உண்மைதான், ஆனால் அது கடைசிப் பொறி மட்டுமே. 1825இல் பொலிவியா விடுதலை பெற்றபோது அட்டகாமா பாலைவனத்தின் ஒரு பகுதியும் அதையொட்டிய ஏறத்தாழ 400 கிலோமீட்டர் கடற்கரையும் அதன் எல்லைக்குள் இருந்தன. சிமோன் பொலிவார் கொபிஹா என்ற இடத்தைத் துறைமுகமாக அறிவித்தார். ஆனால் நாட்டின் மக்களும் சுரங்கங்களும் தலைநகரமும் ஆண்டிஸ் மலைத்தொடரின் மேட்டு நிலத்தில் இருந்தன. அங்கிருந்து கொபிஹாவை அடைய, குடிநீர் கிடைக்காத பாலைவனத்தைக் கோவேறு கழுதைகளின் துணையோடு கடக்க வேண்டியிருந்தது. அதனால் வணிகர்கள் காலங்காலமாகப் பழகியிருந்த அரிக்கா துறைமுகத்தையே நாடினார்கள். அதுவோ பெருவின் கையில் இருந்தது.

ஒன்றுக்கும் உதவாது என்று கருதப்பட்ட அந்தப் பாலைவனக் கரையில் முதலில் குவானோ எனப்படும் பறவை எச்ச உரமும், பின்னர் நைட்ரேட் உப்பும் கிடைத்தபோது நிலைமை தலைகீழானது. பள்ளி வேதியியல் பாடத்தில் ‘சிலி வெடியுப்பு’ என்று நாம் படித்த சோடியம் நைட்ரேட் இதுதான். உரத்துக்கும் வெடிமருந்துக்கும் ஐரோப்பா அதை அள்ளிக்கொண்டிருந்தது. இன்று சிலியின் பெயரைத் தாங்கி நிற்கும் அந்த உப்பின் பெரும்பகுதி 1879க்கு முன்பு பெருவுக்கும் பொலிவியாவுக்கும் உரிய மண்ணில் இருந்தது என்பதை உங்கள் மாணவர்களுக்குக் கட்டாயம் சொல்லுங்கள். அந்தப் போரின் விளைவு அந்தப் பெயரிலேயே பதிந்திருக்கிறது.

நிலம் பொலிவியாவுடையது, அதில் உழைத்தவர்களும் முதல் போட்டவர்களும் பெரும்பாலும் சிலியரும் ஆங்கிலேயரும். அந்தக் கரையில் இருந்த அந்தோபகஸ்தா நகரில் வாழ்ந்தவர்களில் மிகப் பெரும்பான்மையோர் சிலியரே. இந்தப் பொருந்தாத நிலைதான் போருக்கு அடிப்படை.

மறுமொழி 2

மேலே சொன்னதை ஏற்கிறேன். ஆனால் வரியை வெறும் பொறி என்று ஒதுக்கிவிட வேண்டாம், ஏனெனில் சட்ட வாதம் முழுவதும் அதைச் சுற்றியே நடந்தது. 1874இல் பொலிவியாவும் சிலியும் செய்துகொண்ட உடன்படிக்கை, 24ஆம் தென் அட்சக்கோட்டை எல்லையாக வைத்து, அதற்கு வடக்கே பொலிவிய மண்ணில் தொழில் செய்யும் சிலியர் மீது 25 ஆண்டுகளுக்குப் புதிய வரி எதுவும் விதிக்கப்படாது என்று உறுதி கூறியது. 1877 மே மாதம் நிலநடுக்கமும் ஆழிப்பேரலையும் அந்தக் கரையைச் சிதைத்தன. அதையடுத்து மேட்டு நிலத்தில் வறட்சி வந்தது. கருவூலம் வறண்டிருந்த அந்த நேரத்தில், 1878 பிப்ரவரியில், பொலிவிய நாடாளுமன்றம் அந்தோபகஸ்தா நைட்ரேட் மற்றும் ரயில்வே நிறுவனம் ஏற்றுமதி செய்யும் ஒவ்வொரு குவிண்டாலுக்கும் பத்து சென்டாவோ வரி விதித்தது. (அக்காலத்து ஸ்பானியக் குவிண்டால் ஏறத்தாழ 46 கிலோ மட்டுமே, நம் நூறு கிலோ குவிண்டாலோடு குழப்பிக்கொள்ள வேண்டாம்.)

சிலி இதை உடன்படிக்கை மீறல் என்றது. பொலிவியாவோ, அந்த நிறுவனத்தோடு 1873இல் அரசு செய்த ஒப்பந்தம் நாடாளுமன்றத்தின் ஒப்புதல் இல்லாமல் செல்லாது, அந்த ஒப்புதலுக்கு வைத்த நிபந்தனையே இந்த வரி, ஆகவே இது ஒரு தனியார் நிறுவனத்தோடு உள்ள விவகாரம் என்று வாதிட்டது. இரண்டு வாதத்திலும் நியாயம் இருக்கிறது என்பது என் கருத்து. நிறுவனம் வரி கட்ட மறுத்தது. அதன் சொத்துகளை ஏலம் விட அதிபர் இலாரியோன் தாசாவின் அரசு முடிவு செய்தது. ஏலத்துக்குக் குறித்த நாளான 1879 பிப்ரவரி 14 அன்றே சிலியின் படை அந்தோபகஸ்தாவில் இறங்கியது.

பெருவும் பொலிவியாவும் 1873இல் இரகசியமாகக் கூட்டணி ஒப்பந்தம் செய்திருந்ததால், இரு நாட்டுத் தகராறு ஏப்ரலில் மூன்று நாட்டுப் போராக விரிந்தது. அதற்கு முன்பே, மார்ச் 23 அன்று, கலாமா ஊரில் சிறு எண்ணிக்கையிலான தற்காப்பாளர்கள் சிலியின் படையை எதிர்த்து நின்றார்கள். அவர்களில் ஒருவரான எதுவார்தோ அபரோவா படைவீரர் அல்லர், குடிமகன். சரணடைய மறுத்து அங்கேயே உயிர்விட்டார். இன்றும் பொலிவியா மார்ச் 23ஐக் கடல் நாளாக அனுசரிக்கிறது.

கேள்வி கேட்டவர்

இருவருக்கும் நன்றி. ‘சிலி வெடியுப்பு’ என்ற பெயருக்குப் பின்னால் இவ்வளவு இருக்கிறது என்று எண்ணவில்லை. இன்னும் ஒரு ஐயம். போர் முடிந்து இத்தனை காலம் ஆன பிறகு பொலிவியா பன்னாட்டு நீதிமன்றத்துக்குப் போனதே, அங்கு கரையைத் திருப்பித் தரும்படி கேட்டதா? ஏன் கிடைக்கவில்லை?

மறுமொழி 3

பலரும் தவறாகப் புரிந்துகொள்ளும் இடம் இது. 1880 மே மாதம் பெருவின் டாக்னாவில் நடந்த போரில் தோற்றபின் பொலிவியா களத்தை விட்டு விலகியது. 1884இல் ஏற்பட்டது போர்நிறுத்தம் மட்டுமே. நிலைத்த அமைதி உடன்படிக்கை 1904இல்தான் கையெழுத்தாயிற்று. அதன்படி பொலிவியா கரையைச் சிலிக்கு நிலையாக விட்டுக்கொடுத்தது. பதிலுக்குச் சிலி மூன்று இலட்சம் பிரிட்டிஷ் பவுண்டு கொடுத்தது, போரில் பெருவிடமிருந்து தன் கைக்கு வந்திருந்த அரிக்காவிலிருந்து லா பாஸுக்கு இருப்புப்பாதை அமைத்துக் கொடுத்தது (1913இல் திறக்கப்பட்டது), தன் துறைமுகங்கள் வழியாகச் சரக்கு கொண்டுசெல்லும் உரிமையையும் காலவரையின்றி அளித்தது. ஆகவே பொலிவியாவுக்குக் கடலுக்குப் போகும் வழி இல்லை என்பது சரியல்ல. வழி இருக்கிறது, தன் இறையாண்மைக்கு உட்பட்ட கரைதான் இல்லை. அந்த வேறுபாட்டை மாணவர்கள் புரிந்துகொண்டால் பாதிப் பாடம் முடிந்தது.

1904 உடன்படிக்கை இருக்கும் வரை, கரை தன்னுடையது என்று நீதிமன்றத்தில் நேரடியாகக் கேட்க முடியாது. அதனால் 2013இல் பொலிவியா வேறு வழியில் வழக்குத் தொடுத்தது. 1950இல் பரிமாறிய தூதரகக் குறிப்புகள், 1975இல் இரு அதிபர்களும் எல்லை ஊரான சரானாவில் வெளியிட்ட கூட்டறிக்கை எனப் பல தருணங்களில் கடல்வழி குறித்துப் பேசச் சிலி இசைந்திருக்கிறது. அப்படி மீண்டும் மீண்டும் இசைந்ததால் பேச்சுவார்த்தை நடத்தும் கடமை சிலிக்கு உண்டு என்பதே அதன் வாதம். 2018 அக்டோபர் 1 அன்று நீதிமன்றம் 12க்கு 3 என்ற கணக்கில், அத்தகைய சட்டக் கடமை எதுவும் இல்லை என்று தீர்ப்பளித்தது. இரு நாடுகளும் விரும்பினால் தொடர்ந்து பேசுவதற்குத் தீர்ப்பு தடையாகாது என்றும் கூறியது.

இதில் பெருவுக்கும் ஒரு பிடி உண்டு. 1929இல் டாக்னா பெருவுக்கும் அரிக்கா சிலிக்கும் எனப் பிரிக்கப்பட்டபோது, அந்தப் பகுதியில் எந்த நிலத்தையும் ஒருவர் சம்மதமின்றி மற்றவர் மூன்றாம் நாட்டுக்குக் கொடுக்கக் கூடாது என்று எழுதிக்கொண்டார்கள். 1975க்குப் பின் அரிக்காவுக்கு வடக்கே ஒரு நிலத்துண்டைப் பொலிவியாவுக்குக் கொடுக்கும் யோசனை எழுந்து, மாற்று நிலம் கேட்ட சிலியின் நிபந்தனையாலும் பெரு முன்வைத்த வேறு திட்டத்தாலும் நின்றுபோனது. 1978இல் பொலிவியாவுக்கும் சிலிக்கும் இடையிலான தூதரக உறவும் முறிந்தது.

மறுமொழி 4

மாணவி கேட்ட கேள்விக்கு இன்னும் யாரும் நேராகப் பதில் சொல்லவில்லை. 1879இல் கடற்கரை இருந்தபோது பொலிவியாவிடம் போர்க்கப்பல்கள் இல்லை. கடலில் போரிட்டது பெருவின் கப்பற்படையே. இன்றைய பொலிவியக் கடற்படை 1960களில், ஆறுகளையும் ஏரிகளையும் காவல் காக்கும் படையாகத் தொடங்கப்பட்டது. கடல்மட்டத்துக்கு 3,800 மீட்டருக்கும் மேலே, பெருவோடு பகிர்ந்துகொள்ளும் டிடிகாகா ஏரியில் அதன் படகுகளைக் காணலாம். வடக்கே அமேசான் படுகையில் சாலை எட்டாத ஊர்களுக்கு ஆறுதான் போக்குவரத்து வழி. அங்கே கடத்தலைத் தடுப்பதும், வெள்ளக் காலத்தில் மக்களை மீட்பதும், மருத்துவ உதவி கொண்டுபோவதும் அந்தப் படையின் அன்றாட வேலைகள். தென்கிழக்கே பராகுவே ஆற்றின் வழியாக அட்லாண்டிக் பெருங்கடலுக்குச் செல்லும் நீர்வழியும் உண்டு. பெருவும் 1992இல் இலோ துறைமுகத்துக்கு அருகே ஐந்து கிலோமீட்டர் கடற்கரையைப் பயன்படுத்த 99 ஆண்டுகளுக்கு உரிமை தந்தது; இறையாண்மை மட்டும் பெருவிடமே இருக்கிறது.

கடற்படை என்ற பெயரை வைத்திருப்பதில் ஓர் அரசியல் உறுதியும் இருக்கிறது. பசிபிக் கடலை அடையும் நிலப்பகுதியின் மீது தனக்குள்ள உரிமை கைவிட முடியாதது என்று 2009இல் இயற்றப்பட்ட அரசியலமைப்பிலேயே பொலிவியா எழுதி வைத்திருக்கிறது. இழந்த அந்த மண்ணில், கலாமாவுக்கு அருகில்தான் சுகிகமாதா செப்புச் சுரங்கம் இருக்கிறது, ஆசிரியரே. உலகின் மிகப் பெரிய திறந்தவெளிச் சுரங்கங்களில் ஒன்று அது. முதல் உலகப் போர்க் காலத்திலிருந்து செயற்கை நைட்ரேட் பரவி வெடியுப்பின் மதிப்பு சரிந்த பின்னும், அந்த மண் சிலிக்குச் செம்பைத் தந்துகொண்டே இருக்கிறது. வகுப்பில் நிலப்படத்தை விரிக்கும்போது 24ஆம் தென் அட்சக்கோட்டில் ஒரு கோடு போட்டு, அதற்கு வடக்கே அந்தோபகஸ்தாவையும் கலாமாவையும் குறித்துக் காட்டுங்கள். பொலிவியா எதை இழந்தது என்பதை அந்த மாணவி தானே கண்டுகொள்வாள்.