உத்தப்புரம் ஒப்பந்தம் பற்றித் தெரிந்தவர்கள் உதவ முடியுமா?

வணக்கம். எங்கள் ஊர்த் திருவிழாவில் சாமி ஊர்வலம் காலனிப் பக்கம் வருவதில்லை. இந்த வருஷம் இரு தரப்பு இளைஞர்களும் உட்கார்ந்து பேசத் தொடங்கியிருக்கிறோம். பெரியவர்களோ ‘நடக்கிற காரியமா?’ என்கிறார்கள்.

அவர்களிடம் மதுரை மாவட்டம் உத்தப்புரம் பற்றிச் சொல்ல நினைக்கிறோம். 1989 சாதி மோதலுக்குப் பின் தலித் குடியிருப்பைப் பிரித்து அங்கே எழுந்த சுவரின் ஒரு பகுதி 2008 மே மாதம் இடிக்கப்பட்டது. அந்தக் கோபத்தில், சுவருக்கு மறுபக்கம் இருந்த பிள்ளைமார் சாதிக் குடும்பங்கள் ஊரைவிட்டே மலையடிவாரத்துக்குப் போய்விட்டன. அப்படியிருந்தும் 2011 அக்டோபரில் இரு தரப்பும் ஒப்பந்தத்தில் கையெழுத்திட்டார்கள். நவம்பரில் தலித் மக்கள் முத்தாலம்மன் கோயிலுக்குள் போனார்கள். (பிறகும் உரசல் இருந்தது, அதை மறைக்கப்போவதில்லை.)

ஒப்பந்த நகல் யாரிடமாவது இருக்கிறதா? மோதல் தொடர்பான வழக்குகள் பற்றி அதில் என்ன முடிவெடுத்தார்கள்? அந்தப் பேச்சில் இருந்தவர்கள் ஒருநாள் எங்கள் ஊருக்கு வந்தால் ரொம்ப நல்லது. பஸ் செலவு, சாப்பாடு எங்கள் பொறுப்பு.