அப்பீல் போட 73 நாள் தாமதம்: அம்மாவின் வீட்டைக் காப்பாற்ற வழி உண்டா?

அல்சூர் மகள்:
வணக்கம். பெங்களூரில் நாங்கள் குடியிருக்கும் அல்சூர் வீட்டைப் பெரியப்பா மகனிடம் ஒப்படைக்கச் சொல்லி, மார்ச் 4 அன்று மேயோ ஹால் சிவில் கோர்ட்டில் அம்மாவுக்கு எதிராகத் தீர்ப்பாகிவிட்டது. ஹைகோர்ட்டில் அப்பீல் போட 90 நாள் என்று சொல்லி, வக்கீல் மே மாதமே பணமும் கையெழுத்தும் வாங்கிக்கொண்டார். ஜூன் 12 அன்று அம்மாவுக்குப் பக்கவாதம் வந்தது. 28-ஆம் தேதிதான் டிஸ்சார்ஜ். அதன்பிறகு கேட்கும்போதெல்லாம் "போட்டாச்சு, நம்பர் வரும்" என்றார் வக்கீல். போன வாரம், தீர்ப்பை நிறைவேற்றக் கோரும் எக்ஸிகியூஷன் நோட்டீஸ் வந்துவிட்டது. ஹைகோர்ட் இணையதளத்தில் தேடினால் அம்மா பெயரில் ஒன்றுமே இல்லை. இன்று ஆகஸ்ட் 14. என் கணக்கில் 73 நாள் தாமதம். மூன்று மாதம் படுத்த படுக்கை என்று டாக்டர் சர்டிஃபிகேட் வாங்கச் சொல்கிறார் ஒரு உறவினர். வாங்கலாமா?

சிவாஜிநகர் குமாஸ்தா (ஓய்வு):
வாங்காதீங்கம்மா. டிஸ்சார்ஜ் சம்மரியில் 28-ஆம் தேதி இருக்கும்போது அந்தச் சர்டிஃபிகேட்டை எதிர்த் தரப்பு ஒரே நிமிஷத்தில் உடைத்துவிடும். அப்புறம் நீங்கள் சொல்லும் உண்மையையும் நம்ப மாட்டார்கள். முதலில் தீர்ப்பின் சான்றிட்ட நகலை எடுத்துப் பின்பக்க முத்திரையைப் பாருங்கள். மனு போட்ட தேதி, நகல் தயாரான தேதி என்ன?

அல்சூர் மகள்:
மனு மார்ச் 18. தயாரானது ஏப்ரல் 9.

சிவாஜிநகர் குமாஸ்தா (ஓய்வு):
அப்படியென்றால் தாமதம் 73 இல்லை. தீர்ப்பு நாளையும், நகல் எடுக்கத் தேவைப்பட்ட நாட்களையும் காலவரையறைச் சட்டம் 12-ஆம் பிரிவுப்படி கழிக்க வேண்டும். 90 நாள் ஜூன் 2-இல் முடிகிறது. நகலுக்கான 23 நாளைச் சேர்த்தால் ஜூன் 25. இன்றைக்குத் தாமதம் 50 நாள். நாம் ஸ்டாம்ப் கட்டாமல் இழுத்த நாட்கள் ஏதாவது இருந்தால் அவை மட்டும் இந்தக் கழிவில் வராது. இனி ஒவ்வொரு நாளும் ஒன்று கூடும் என்பதை மறக்காதீர்கள்.

ஹைகோர்ட் வக்கீல், ஃப்ரேசர் டவுன்:
ஐயா போட்ட கணக்கு சரி. தாமதத்தை மன்னிக்க அதே சட்டத்தின் 5-ஆம் பிரிவு "போதுமான காரணம்" கேட்கிறது. இத்தனை நாள் வரை மன்னிக்கலாம் என்ற வரம்பு அதில் இல்லை. 1998-இல் பாலகிருஷ்ணன் வழக்கில் சுப்ரீம் கோர்ட் 883 நாளை மன்னித்தது. அங்கேயும் வக்கீல் கவனிக்காமல் விட்டதுதான் காரணம். 2012-இல் தபால் துறையின் 427 நாளை ஏற்கவில்லை. கோப்பு மேசை மேசையாக நகர்ந்தது என்பதைத் தவிர நம்பும்படியான விளக்கம் துறையிடம் இல்லை.

ஆனால் வக்கீல் மேல் பழி போட்டால் மட்டும் போதும் என்று இருந்துவிடாதீர்கள். நீங்கள் விடாமல் விசாரித்தீர்களா என்று நீதிபதி கட்டாயம் பார்ப்பார். வாட்ஸ்ஆப் இருக்கிறதா?

அல்சூர் மகள்:
இருக்கிறது சார். ஜூலை 3, ஜூலை 19, ஆகஸ்ட் 2. பணம் அனுப்பிய வங்கிப் பதிவும் உண்டு. எல்லாம் நான்தான் பேசினேன்.

ஹைகோர்ட் வக்கீல், ஃப்ரேசர் டவுன்:
அப்போது அஃபிடவிட் (பிரமாணப் பத்திரம்) நீங்களே கொடுக்கலாம், உங்களுக்கு நேரில் தெரிந்ததை மட்டும். மே மாதம் கையெழுத்து வாங்கியது, ஆஸ்பத்திரியில் இருந்த நாட்கள், பிறகு வக்கீல் தந்த உறுதி, இணையதளத்தில் தேடிய தேதி என்று இடைவெளி விடாமல் எழுதுங்கள். அப்பீலுடனேயே தாமத மன்னிப்பு மனுவும் போக வேண்டும். சிவில் நடைமுறைச் சட்டம் ஆணை 41 விதி 3ஏ அதைத்தான் சொல்கிறது. அந்த விதியில் உங்களை நேரடியாகப் பாதிக்கும் ஒன்று உண்டு. தாமதத்தை முடிவு செய்து, அப்பீலை விசாரணைக்கு எடுப்பது என்று தீர்மானிக்கும் வரை டிகிரிக்கு, அதாவது கீழ்க்கோர்ட் தீர்ப்பாணையை நிறைவேற்றுவதற்கு, தடை கிடைக்காது. அதனால் அவசரமாக எடுக்கச் சொல்லிக் கேளுங்கள். எக்ஸிகியூஷன் வாய்தாவுக்கும் கட்டாயம் ஆஜராக வேண்டும். அங்கே போகாமல் விட்டால் அப்பீல் எண் கிடைப்பதற்குள் வீட்டைக் காலி செய்ய வாரண்ட் வந்துவிடலாம்.

அல்சூர் மகள்:
புது வக்கீலுக்குக் கொடுக்கக் கையில் பணம் இல்லை. பழைய வக்கீல் கேஸ் கட்டையும் திருப்பித் தரவில்லை.

சிவாஜிநகர் குமாஸ்தா (ஓய்வு):
சான்றிட்ட நகல் உங்கள் கையில் இருக்கிறதே, அப்பீல் போட அது போதும். மற்ற ஆவணங்களுக்கு மேயோ ஹாலில் புதிதாக நகல் மனு போடலாம். பணத்துக்குக் கவலை வேண்டாம். 1987-ஆம் ஆண்டு சட்டப் பணிகள் ஆணையச் சட்டம் 12-ஆம் பிரிவுப்படி பெண்களுக்கு வருமானம் பார்க்காமலே இலவச வக்கீல் உண்டு. ஹைகோர்ட்டிலேயே சட்டப் பணிகள் குழு இருக்கிறது. வழி தெரியவில்லை என்றால் 15100-க்கு அழையுங்கள். அம்மாவுக்குக் கை வரவில்லை என்றால் வக்காலத்தில் கைநாட்டு வைக்கலாம்.

அல்சூர் மகள்:
கூப்பிட்டேன் ஐயா. நாளை சுதந்திர தினம், விடுமுறை. அது முடிந்து ஹைகோர்ட் திறக்கும் அன்று காலையே குழு அலுவலகத்துக்குப் போகிறேன். அம்மா இன்று இடது கைக் கட்டைவிரலால் ரேகை வைத்துப் பழகிக்கொண்டிருக்கிறாள்.