அந்த கிக் பட்டுச்சா படலையா

திருமங்கலத்துக்காரி:
எங்க தங்கச்சி மூணு வருஷத்துக்கு முன்னாடி வெளிநாட்டு டேக்வாண்டோ ஓபன் போட்டில 57 கிலோ பிரிவுல ஆடுனா. கூட போக எங்களுக்கு காசு ஏது, கோச் மட்டும் போனாரு, நாங்க வீட்ல போன்ல லைவ் பாத்துட்டு இருக்கோம், அம்மா சாமி படத்துக்கு முன்னாடி உக்காந்துட்டாங்க. ஆளுக்கொரு ரவுண்டு, மூணாவதுல ஒரு பாயிண்ட் பின்னாடி, பத்து செகண்ட் இருக்கு, நம்ம புள்ள வலது கால தூக்குறா, அப்படியே லைவ் சுத்த ஆரம்பிச்சிருச்சு. திரும்பி வரும்போது எதிர்ல ஆடுன பொண்ணு கைய தூக்கிட்டு நிக்குது. ராத்திரி வீடியோ கால்ல வந்தா, கால்ல டேப்ப கூட பிரிக்கல, "அக்கா செஸ்ட்ல நல்லா பட்டுச்சுல்ல, நீ பாத்தேல்ல"ன்னா. நான் "ஆமாடி பட்டுச்சு, பாயிண்ட் போடுற மெஷின்தான் தப்பு"ன்னுட்டேன். நான் பாக்கவே இல்ல. இன்னைக்கும் யார் கேட்டாலும் எங்க அக்கா பாத்தான்னு சொல்றா.

ரேஸ்கோர்ஸ்_வாத்தியார்:
தங்கச்சி, மெஷின் தப்புன்னு லேசா சொல்லிரக்கூடாது. நானும் ஒரு மீட்ல அப்படி மேஜைய தட்டி சண்டை போட்டவன்தான், அத விடுங்க. படுறது வேற, பாயிண்ட் விழுறது வேற. சாக்ஸ்ல இருக்க சென்சார் ஹோகுல, அதான் நெஞ்சுல கட்டுற கவசத்துல, உக்காரணும், உக்காந்தாலும் அந்த வெயிட்டுக்கு வச்சிருக்க அளவுக்கு பலம் இருந்தாத்தான் போர்டுல 2 பாயிண்ட் ஏறும். சத்தம் டமார்னு கேக்கும், ஆனா பட்டது கால் எலும்பா இருக்கும். சாக்ஸ் லூசா இருந்தா சென்சார் நகந்துரும், அதனால மேட்ச் சாக்ஸையே போட்டு தினம் அடிக்க வைங்க, சாதா பேடுலயே பழகுன புள்ளைக்கு அங்க போனதும் எல்லாம் புதுசாத்தான் தெரியும். ஒரு பாயிண்ட் பின்னாடின்னு பதறவும் கூடாது, டோக்கியோ ஒலிம்பிக் பொண்ணுக 49 கிலோ பைனல போட்டு காட்டுங்க, தாய்லாந்து பனிபாக் கடைசி சில செகண்ட்ல ஒரே செஸ்ட் கிக்ல 11-10ன்னு திருப்புனாங்க, 2024 பாரிஸ்லயும் தங்கம் அவங்களுக்குத்தான்.

உசிலம்பட்டி_49:
அண்ணே அவுக சாக்ஸ பத்தி கேக்கவே இல்லையே, தங்கச்சிகிட்ட சொன்ன வார்த்த உறுத்துதுன்னு சொல்றாக. எனக்கு உறுத்துறது வெயிட் பாக்குற ரூம். என் உடம்பு 53 கிலோ. உலக சாம்பியன்ஷிப்ல 53 இருக்கு, ஒலிம்பிக்ல பொண்ணுகளுக்கு 49, 57, 67, அதுக்கு மேல, அவ்வளவுதான். கீழ இறங்குன்னாங்க, இறங்குனேன். முதல் வெளிநாட்டு மேட்ச், ஏறுனா 49.3. டைமுக்குள்ள இன்னொரு வாட்டி ஏறலாம்னு ரெயின்கோட்ட மாட்டிட்டு ஹோட்டல் மாடிப்படில ஏறி ஏறி இறங்குறேன், பீரியட்ஸ் ரெண்டாவது நாள், துப்ப வாய்ல எச்சி கூட இல்ல. ரெண்டாவது வாட்டி 49.0ல நின்னுச்சு. அந்த பொம்பள ஆபீசர் நம்பர எழுதிட்டு என் மூஞ்சியவே பாத்தாங்க, அப்புறம் ஒரு துண்ட எடுத்து என் தோள்ல போத்துனாங்க. மறுநாள் முதல் மேட்ச்லயே தோத்தேன், ஸ்கோர் ஞாபகம் இல்ல.

மேலூர்_அப்பா:
என் மகளுக்கு வலது கை முழங்கைக்கு கீழ கிடையாது. டோக்கியோ பாராலிம்பிக்ல அருணா தன்வர் இறங்குனத சேந்து பாத்தோம், பாரா டேக்வாண்டோல நம்ம நாட்டுக்கு அவங்கதான் முதல் ஆளு. கைல அடிபட்டு அடுத்த மேட்ச் ஆட முடியாம வெளிய வந்துட்டாங்க. அன்னைக்கு சாயங்காலம் என் மக பெல்ட்ட பல்லால கடிச்சு கட்டிட்டு கிளாசுக்கு கிளம்பி வாசல்ல நிக்கிறா, நான் இன்னைக்கு வேணாம்மான்னு சொல்லிட்டேன். ஒண்ணும் பேசாம அவுத்து வச்சா.

திருமங்கலத்துக்காரி:
வாத்தியார் அண்ணே, நீங்க சாக்ஸ்னு சொன்னதுல இருந்து மனசு ஒரு நெலையில இல்ல. அது சீனியர் பொண்ணுகிட்ட கடன் வாங்குனது, ஒரு சைஸ் பெருசு, கிளம்புறதுக்கு முந்துன நாள் ராத்திரி நான்தான் குதிகால்ல மடிச்சு ரெண்டு தையல் போட்டு குடுத்தேன். அவ டேப் சுத்தியிருந்தது அதுக்குத்தான் போல.