பொருந்துரை: வரலாற்றாசிரியர் பிறர் வாயில் வைத்த பேச்சுக்கு ஒரு சொல்

அன்புள்ள குழுவினருக்கு,

வணக்கம். கிரேக்க, ரோமானிய வரலாற்றாசிரியர்களைப் பற்றிய பாடப்பகுதி ஒன்றைத் தமிழாக்கும்போது எழுந்த சொற்சிக்கலைச் சென்ற வாரம் இங்கே வைத்திருந்தேன். விடையளித்த அனைவருக்கும் நன்றி. வந்த பரிந்துரைகளைப் பரிசீலித்த பின் எனக்கு எட்டிய முடிவையும், அதற்கான காரணங்களையும் இம்மடலில் எழுதுகிறேன்.

சொல் வேண்டியிருப்பது எதற்கு என்பதை முதலில் தெளிவாக்கிக்கொள்வது நல்லது. அக்கால வரலாற்று நூல்களில் தளபதிகளும் அரசர்களும் தூதர்களும் பக்கக்கணக்கில் பேசுகிறார்கள். அந்தப் பேச்சுகளின் சொற்கள் பெரும்பாலும் பேசியவருடையவை அல்ல, நூலாசிரியர் யாத்தவை. ஆயினும் அவை கட்டுக்கதையாகக் கருதி எழுதப்படவில்லை, அப்படிக் கருதி வாசிக்கப்படவும் இல்லை. மேற்கோளுக்கும் புனைவுக்கும் நடுவே நிற்கும் இந்த வகைக்கே நமக்கு ஒரு பெயர் தேவை.

கிரேக்க வரலாற்றாசிரியர் தூசிடிடீஸ் தம் நூலின் முதற்பகுதியிலேயே இதைப்பற்றி வெளிப்படையாகப் பேசிவிடுகிறார். தாம் நேரில் கேட்டவற்றையும் பிறர் வந்து சொன்னவற்றையும் சொல்லுக்குச் சொல் நினைவில் வைப்பது அரிதாக இருந்தது என்றும், ஆகவே உண்மையில் பேசப்பட்டதன் மொத்தக் கருத்துக்கு இயன்றவரை அணுக்கமாக நின்று, அந்தந்தத் தருணத்தில் ஒவ்வொருவரும் பேசவேண்டியிருந்தவை எனத் தமக்குத் தோன்றியவற்றை எழுதியதாகவும் அவர் கூறுகிறார். 'வேண்டியிருந்தவை' என்று நான் எழுதும் இடத்தில் கிரேக்க மூலத்தில் உள்ள தொடர் 'தா தெயோந்தா' என்பது. பேசப்பட்டதற்கு அணுக்கம், தருணத்துக்குத் தகுதி ஆகிய இரண்டும் ஒரே வாக்கியத்துக்குள் எப்படி ஒத்துப்போகும் என்று அறிஞர்கள் இன்னும் வாதிட்டுக்கொண்டிருக்கிறார்கள். நம் சொல் அந்த வாதத்தில் தீர்ப்பு எழுதிவிடக் கூடாது என்பதே என் முதல் நிபந்தனை.

குழுவில் முதலில் வந்த பரிந்துரை 'புனைந்துரை'. இதை மறுக்க எனக்கு இரண்டு காரணங்கள் உள்ளன. பாயிரத்துக்கு நன்னூல் தரும் பெயர்களுள் புனைந்துரையும் ஒன்று என்பது முதற்காரணம். பதிப்புலகில் அப்பொருள் இன்னும் உயிருடன் இருக்கிறது. இரண்டாவது காரணம் இதைவிடக் கடுமையானது. பேச்சுவழக்கில் 'புனைந்துரைக்கிறான்' என்றால் மிகைப்படுத்துகிறான், இல்லாததைச் சொல்கிறான் என்றே பொருள்படும். தூசிடிடீஸின் நூலில் ஏதென்ஸ் தலைவர் பெரிக்கிளீஸ் ஆற்றும் இரங்கலுரையைப் புனைந்துரை என்று அழைத்துவிட்டால், தூசிடிடீஸ் அங்கே இருந்து கேட்டிருக்கக்கூடும் என்ற வாய்ப்பையே மாணவர் மறந்துவிடுவார்.

அடுத்து வந்தது 'கூற்று'. இதை விட்டுவிட உண்மையில் எனக்கு மனம் வரவில்லை. தலைவி கூற்று, தோழி கூற்று என்னும்போது சொற்கள் புலவருடையவை, குரல் பாத்திரத்தினுடையது என்பது தமிழ் படித்த எவருக்கும் விளக்காமலே விளங்கும். தொல்காப்பியச் செய்யுளியல் உறுப்புகளை அடுக்கும்போது கூற்றுவகையை அடுத்துக் கேட்போரையும் களனையும் காலத்தையும் வைக்கிறது. யார் பேசுகிறார், யாரிடம், எங்கே, எப்போது என்ற அதே அளவுகோலைத்தான் கிரேக்க அணியியலாரும் இத்தகைய பேச்சுகளுக்கு வைத்தார்கள். இன்ன மனிதர் இன்ன நிலையில் என்ன பேசியிருப்பார் என்று எழுதிப் பழகுவது அங்கே பள்ளிப் பயிற்சியாகவே இருந்தது. அதற்கு 'எதோபோயியா' என்று பெயர். ஆனால் இன்றைய உரைநடையில் 'அமைச்சரின் கூற்று' என்றால் அமைச்சர் தாமே சொன்னது என்று பொருள். 'பெரிக்கிளீஸின் கூற்று' என்று எழுதினால், நாம் எச்சரிக்க விரும்பும் தவறான பொருளையே மாணவர் பெறுவார்.

என் பரிந்துரை 'பொருந்துரை'. பொருந்து, உரை ஆகிய இரண்டும் சேர்ந்த வினைத்தொகை இது. வினைத்தொகையில் காலம் மறைந்து நிற்பது இங்கே பெருந்துணையாகிறது. பேசியவருக்கு அன்று பொருந்திய உரை, எழுதியவர் பொருத்தமெனக் கண்ட உரை, கேட்போருக்குப் பொருந்தும் உரை என எல்லாவற்றுக்கும் அது இடம் தருகிறது. கி.பி. இரண்டாம் நூற்றாண்டில் வரலாறு எழுதும் முறையைப் பற்றித் தனிநூலே எழுதிய கிரேக்கமொழி எழுத்தாளர் லூசியன், பிறர் பேச்சை எழுத நேரும்போது அது பேசுபவருக்கும் பொருளுக்கும் ஒத்ததாக இருக்கவேண்டும் என்று விதிக்கிறார். அதற்குப் பிறகு உன் சொல்வன்மையையும் காட்டிக்கொள்ளலாம் என்று சலுகையும் தருகிறார்.

இச்சொல் வேலை செய்கிறதா என்று சோதிக்க பிரான்ஸின் லியோன் நகர வெண்கலப் பட்டயத்தைவிடச் சிறந்த உரைகல் கிடையாது. கி.பி. 48இல் ரோமப் பேரரசர் கிளாடியஸ், கால் (Gaul, பெரும்பாலும் இன்றைய பிரான்ஸ்) நாட்டுப் பெருமக்களையும் ரோமின் செனட் மன்றத்தில் சேர்க்கவேண்டும் என்று பேசினார். அந்தப் பேச்சு வெண்கலத்தில் பொறிக்கப்பட்டது. அதன் பெரும்பகுதி 1528இல் லியோனில் மண்ணிலிருந்து கிடைத்தது. அதே பேச்சை ரோமானிய வரலாற்றாசிரியர் டாசிட்டஸும் தம் ஆண்டு வரலாற்றின் 11ஆம் பகுதியில் தந்திருக்கிறார். ஆக, பேசியதும் எழுதியதும் பக்கம்பக்கமாக நம் கையில் உள்ளன. பட்டயத்தில் உள்ள கிளாடியஸ் சுற்றி வளைக்கிறார். ரோமின் பழைய மன்னர் செர்வியஸ் துல்லியஸ், பண்டைய இத்தாலிய மக்களான எத்ரூஸ்கர்களிடம் மஸ்தர்னா என்ற பெயரால் அறியப்பட்டவர் என்று தம் புலமையை விரிக்கிறார். 'டைபீரியஸ் சீசர் ஜெர்மானிக்கஸ், உன் பேச்சு எங்கே போகிறது என்பதை மன்றத்தாருக்குக் காட்டும் நேரம் வந்துவிட்டது' என்று தம்மையே பெயர் சொல்லி விளித்துக்கொள்ளும் வரியும் அதில் உண்டு. (குறுக்கிட்ட உறுப்பினரின் குரல் அது என்பாரும் உளர். எனக்கென்னவோ அது கிளாடியஸின் குரலாகவே படுகிறது.) டாசிட்டஸின் கிளாடியஸோ சுருங்கச் சொல்கிறார். மஸ்தர்னாவைக் காணோம். வென்ற மக்களை அயலாராகவே ஒதுக்கிவைத்ததுதான் ஸ்பார்ட்டாவும் ஏதென்ஸும் அழியக் காரணம் என்ற வாதம் வருகிறது. பட்டயத்தில் எஞ்சியுள்ள பகுதியில் அது இல்லை. இன்று நாம் முன்மாதிரி காட்டி நிலைநாட்டுவது நாளை தானே முன்மாதிரியாகும் என்று முடிக்கிறார். மையக் கருத்து அப்படியே இருக்கிறது. கட்டமைப்பும் நடையும் டாசிட்டஸுடையவை. இதைப் புனைந்துரை என்றால் அநியாயம்; மேற்கோள் என்றால் பொய்.

இந்த வேறுபாட்டை அக்கால எழுத்தாளர்கள் அறியாதவர்கள் அல்லர். ரோமானியத் தத்துவஞானி செனெக்கா சாகும் தறுவாயில் எழுதச் சொன்னவை அவருடைய சொற்களிலேயே வெளியாகிவிட்டதால் அவற்றைத் தம் நடைக்கு மாற்றி எழுதுவதைத் தவிர்க்கிறேன் என்று அதே டாசிட்டஸ் மற்றோர் இடத்தில் சொல்கிறார். ரோட்ஸ் தீவினருக்காக ரோமானிய அரசியலாளர் காட்டோ பேசிய பேச்சு அவருடைய நூலிலேயே இருக்கிறது என்று கூறி ரோமானிய வரலாற்றாசிரியர் லிவியும் அதைத் தாம் எழுதாமல் விட்டுவிடுகிறார். மூலம் மக்கள் கையில் இருக்கும்போது பொருந்துரைக்கு அங்கே வேலையில்லை.

நண்பர் ஒருவர் எழுப்பிய தடை நியாயமானது. 'பொருந்து' என்பது நூலாசிரியருக்கு நற்சான்று வழங்கிவிடாதா, கிரேக்க வரலாற்றாசிரியர் பொலிபியஸ் இச்சொல்லை ஏற்றிருப்பாரா என்று அவர் கேட்டிருந்தார். பொலிபியஸ் தம் நூலின் 12ஆம் பகுதியில் தமக்கு முந்திய வரலாற்றாசிரியர் திமேயஸைச் சாடுவதை நாம் அறிவோம்: உண்மையில் பேசப்பட்டது எது என்று அறிவதும், அது ஏன் வென்றது அல்லது தோற்றது என்று ஆராய்வதுமே வரலாற்றாசிரியர் கடமை, திமேயஸோ பள்ளி மாணவன்போலத் தலைப்புக்குப் பேச்சு எழுதுகிறார் என்பது அவர் குற்றச்சாட்டு. என் விடை இது: ஒரு வகையின் பெயர் அந்த வகை எதை நாடுகிறது என்பதைக் காட்டினால் போதும்; எட்டியதா என்று சொல்லவேண்டியதில்லை. 'திமேயஸின் பொருந்துரைகள் பொருந்தாதவை' என்று எழுதலாம், பொருள் தெளிவாக விளங்கும். 'அவருடைய புனைந்துரைகள் பொய்யானவை' என்று எழுதினாலோ புதிதாக எதுவும் சொன்னதாகாது.

காதில் விழும்போது 'பரிந்துரை'யோடு குழம்பும் என்பது உண்மையான குறை. வகுப்பறையில் சில நாள் தொல்லை கொடுக்கும். 'தகவுரை' என்ற மாற்றையும் எண்ணிப் பார்த்தேன். தகவலை உரைப்பது என்று படிக்கப்படும் ஆபத்து அதில் உண்டு. 'வேண்டுரை' தூசிடிடீஸின் தொடருக்கு மிக நெருக்கமானதுதான், ஆனால் கேட்டவுடன் விண்ணப்பம் என்றே தோன்றுகிறது.

இனி, நான் தீர்க்காத ஓர் இடம். கி.மு. 416இல் ஏதென்ஸ் தூதர்களுக்கும் மீலோஸ் தீவின் தலைவர்களுக்கும் நடந்ததாகத் தூசிடிடீஸ் எழுதுவது ஒருவர் நின்று ஆற்றும் உரை அன்று. நாடகம்போல மாறி மாறி வரும் வாதம். அதைப் 'பொருந்துரையாடல்' என்று நீட்டலாம் என்று நினைக்கிறேன், ஆனால் 'பொருந்து' அங்கே 'உரை'யைத் தழுவுகிறதா 'உரையாடலை'த் தழுவுகிறதா என்று இலக்கணம் வல்லவர்கள் சொன்னால் நன்று. வேறு சொல்லை நாடுவதா, அதையே வைத்துக்கொள்வதா என்று உங்கள் விடைகளைப் பார்த்தபின் அப்பகுதியை முடிக்கிறேன்.

அன்புடன்,
மொழிபெயர்ப்பாளன்