தாத்தாவின் நினைவு ஆராதனைக்கு எந்தப் பாட்டு?

குழு: நாசரேத் வீடு

கிரேஸ்: எல்லோருக்கும் ஸ்தோத்திரம். சனிக்கிழமை தாத்தாவின் நினைவு ஆராதனை. பாட்டுத்தாளை வியாழன் மாலை 5 மணிக்குள் அச்சுக்குக் கொடுக்க வேண்டும். இங்கே இங்கிலாந்தில் லெஸ்டர் பாடகர் குழுவிலிருந்து 16 பேர் வருகிறார்கள். என்னென்ன பாட்டு என்று சொல்லுங்கள்.

செல்வராணி: பாமாலை இரண்டு. கீர்த்தனை ஒன்று. 23ஆம் சங்கீதம் கட்டாயம்.

லில்லி: புகைப்படம் எது? கோட்டு போட்ட படம் வேண்டாம். அதில் மாமா கோபமாக இருப்பார்.

ஜெபராஜ்: பாமாலை நிச்சயம் உண்டு. அதோடு ஜான் ரட்டரின் ‘ரெக்வியம்’ இசையிலிருந்து இரண்டு பகுதிகளையாவது பாட வேண்டும் என்று ஆசைப்படுகிறேன். ரெக்வியம் என்றால் இறந்தவர்களுக்காகப் பாடும் இசை வழிபாடு. ரட்டர் 1945இல் லண்டனில் பிறந்தவர். மேரிலபோன் சாலையில் ஒரு மதுக்கடைக்கு மேல்மாடியில் அவர்கள் குடும்பம் இருந்தது. அவருடைய அப்பா வேதியியல் துறையில் வேலை பார்த்தவர், இசைக்கலைஞர் அல்லர், ஆனால் இசையை நேசித்தவர். அவர் இறந்த மறு வருடம், 1985இல், மகன் எழுதி முடித்ததுதான் இது. ஏழு பகுதிகள். சமர்ப்பணத்தில் அப்பாவின் முழுப் பெயர்கூட இல்லை, எல்.எஃப்.ஆர். என்ற மூன்று எழுத்துகள் மட்டும்தான்.

லில்லி: மதுக்கடைக்கு மேலேயா?

செல்வராணி: மதினி, கடைக்கு மேலேதானே, உள்ளே இல்லையே.

பிரபு: சித்தப்பா, அந்த இசை முழுமையாக முதலில் அரங்கேறியது இங்கே டல்லாஸில். 1985 அக்டோபர் 13. லவ்வர்ஸ் லேன் மெதடிஸ்ட் ஆலயம். நான் வேலைக்குப் போகும்போது அந்த ஆலயத்தைக் கடந்துதான் போகிறேன்.

லில்லி: ஆலயத்துக்கு அப்படி ஒரு பெயரா?

பிரபு: தெருவின் பெயரால் வந்தது அம்மா.

செல்வராணி: அந்தத் தெருவிலேயே உனக்கு ஒரு பெண் பார்த்துவிடலாம். 34 வயதாகிறது.

பிரபு: அத்தை, இன்று வேண்டாமே.

சாமுவேல்: பேச்சு எங்கே போகிறது? அப்பாவுக்கு இங்கிலீஷ் பாட்டு எதற்கு? நம் ஊர் நாசரேத்தில் அடக்கம் செய்திருந்தால் இந்தக் கேள்வியே வந்திருக்காது.

கிரேஸ்: பெரியப்பா...

ஜெபராஜ்: அண்ணன், அதைத் தனியாகப் பேசுவோம். இன்றைக்குப் பாட்டை மட்டும் முடிவு செய்வோம்.

சாமுவேல்: ஹார்மோனியம் விஷயத்திலும் தனியாகப் பேசுவோம் என்றுதான் சொன்னாய்.

செல்வராணி: தம்பி, எனக்கு ஒன்று தெரிய வேண்டும். அந்த ரட்டர் விசுவாசியா?

ஜெபராஜ்: அக்கா, மறைக்காமல் சொல்கிறேன். தன்னைப் பெரிய பக்திமான் என்று அவர் சொல்லிக்கொள்வதில்லை. 2003இல் அமெரிக்கத் தொலைக்காட்சிப் பேட்டியிலேயே அப்படித்தான் பேசினார். ஆனால் வசனத்தை அவர் கையாளும் விதத்தைக் கேளுங்கள். ரெக்வியத்தின் இரண்டாம் பகுதி 130ஆம் சங்கீதம், ‘கர்த்தாவே, ஆழங்களிலிருந்து உம்மை நோக்கிக் கூப்பிடுகிறேன்.’ முதலில் குரலே கிடையாது. ஒற்றை செல்லோ, வயலின் குடும்பத்துப் பெரிய வாத்தியம், மந்திர ஸ்தாயியில் தொடங்கும். அதன் பிறகுதான் பாடகர்கள், அவர்களும் கீழ்ச்சுரங்களிலிருந்து, மெல்ல மேலே ஏறி வருவார்கள். அப்பா போன அன்று மருத்துவமனை நடைபாதையில் நின்றபோது எனக்கு ஜெபம் வரவில்லை. இந்த செல்லோதான் காதில் ஓடிக்கொண்டிருந்தது. 2001இல் ரட்டரின் மகனும் விபத்தில் இறந்துபோனான். ரட்டர் படித்த கேம்பிரிட்ஜ் கிளேர் கல்லூரியிலேயே படித்துக்கொண்டிருந்த பிள்ளை. அதன் பிறகு அவர் எழுதிய பெரிய படைப்பு பெரியவர்களின் குரலோடு பிள்ளைகளின் குரலையும் சேர்த்தது, ‘மாஸ் ஆஃப் தி சில்ட்ரன்’. 2003இல் நியூயார்க் கார்னகி அரங்கில் அரங்கேறியது.

செல்வராணி: ஐயோ, கர்த்தாவே.

செல்வராணி: பெற்ற தாய் எப்படித் தாங்கினாளோ.

லில்லி: யார் இந்த ரட்டர், நமக்குத் தெரிந்தவரா?

கிரேஸ்: பெரியம்மா, 2011இல் இளவரசர் வில்லியம் கல்யாணத்தில் பாடிய ஒரு பாட்டு இவர் எழுதியது. 2024இல் சர் பட்டம் கொடுத்தார்கள்.

லில்லி: அந்தக் கல்யாணத்தை முழுவதும் டிவியில் பார்த்தேன். அந்தச் சரிகை கவுன்!

கிரேஸ்: அப்பா, ஒரு விஷயம். எங்கள் இசை வகுப்பில் சிலர், ரட்டர் இசை அளவுக்கு மீறி இனிக்கிறது என்கிறார்கள்.

ஜெபராஜ்: அவர்கள் கிறிஸ்துமஸ் பாட்டுகளை மட்டும் கேட்டிருப்பார்கள் கிரேஸ். ரெக்வியத்தின் தொடக்கத்தில் டிம்பனி என்ற முரசு விடாமல் ஒரே சீராக அடித்துக்கொண்டிருக்கும். அதன்மேல் குரல்கள் ஒன்றோடொன்று உரசும் சுரங்களில் நுழையும். அந்தக் கலக்கத்தைக் கடந்த பிறகுதான் மெட்டு வரும். கடைசிப் பகுதியில் அதே மெட்டு திரும்பி வரும்போது, முதலில் பட்ட கலக்கம் நினைவிருந்தால்தான் அதன் அருமை தெரியும். இன்னொன்று, அவர் எழுதுவதோடு நிற்பவர் இல்லை. 1975 முதல் 1979 வரை கிளேர் கல்லூரியின் இசை இயக்குநர். 1981இல் கேம்பிரிட்ஜ் சிங்கர்ஸ் குழுவைத் தொடங்கி இன்றுவரை நடத்துபவர். எங்களைப் போன்ற சாதாரணப் பாடகர்களைத் திரட்டி, பாடும் நாட்களையும் அவரே நடத்துகிறார். குரலுக்கு எது வரும், மூச்சு எங்கே தீரும் என்று தெரிந்து எழுதுகிறார். அதனால்தான் ஊர் ஆலயத்துப் பாடகர் குழுகூட அவரைத் துணிந்து பாடுகிறது.

சாமுவேல்: எல்லாம் சரி. அப்பாவுக்கும் அவருக்கும் என்ன சம்பந்தம்?

ஜெபராஜ்: [புகைப்படம்]

ஜெபராஜ்: அண்ணன், இது அப்பாவின் பெட்டியில் இருந்த பச்சை அட்டை நோட்டு. நேற்று இரவுதான் திறந்தேன். 79 வயதில் இங்கே பாடகர் குழுவில் சேர்ந்தபோது எழுதியது. கோடும் புள்ளியுமாக இருக்கும் மேல்நாட்டு இசைக்குறி அப்பாவுக்குப் பிடிபடவில்லை. அதனால் பாளையங்கோட்டையில் நமக்குச் சொல்லிக்கொடுத்த அதே சோல்ஃபா எழுத்தில், ச, ரி, க போல டி, ஆர், எம் என்று, பேஸ் எனும் ஆண்களின் கீழ்க்குரல் வரியைப் பென்சிலால் எழுதி வைத்திருக்கிறார். தலைப்பைப் பாருங்கள்.

செல்வராணி: அப்பாவின் கையெழுத்து.

கிரேஸ்: ‘கர்த்தர் உன்னை ஆசீர்வதித்து, உன்னைக் காக்கக்கடவர். ரட்டர்.’

ஜெபராஜ்: எண்ணாகமம் 6:24. இது ரெக்வியத்தில் வருவதில்லை, தனிப் பாட்டு. ரட்டர் ஹைகேட் பள்ளியில் படித்தபோது இசை கற்றுக்கொடுத்த எட்வர்ட் சாப்மன் என்ற ஆசிரியரின் நினைவு ஆராதனைக்காக 1981இல் எழுதினார். அதில் சொப்ரானோ எனும் பெண்களின் மேல்குரல்கள்தான் முதலில் தொடங்கும். பேஸ் காத்திருக்க வேண்டும். அந்த இடத்தில் அப்பா என்ன எழுதியிருக்கிறார் என்று பெரிதாக்கிப் பாருங்கள் அண்ணன்.

பிரபு: ‘பெண்கள் முதலில். பொறு.’

செல்வராணி: அம்மா கேட்டிருந்தால் சிரித்திருப்பாள். வீட்டில் ஒருநாள்கூடப் பொறுத்ததில்லை.

லில்லி: மூச்சு எடுக்கும் இடத்திலெல்லாம் சின்னச் சிலுவை போட்டிருக்கிறாரே.

சாமுவேல்: அப்பா இதை எங்களிடம் சொல்லவே இல்லையே.

ஜெபராஜ்: என்னிடமும் சொல்லவில்லை அண்ணன். நான் டெனர் எனும் ஆண்களின் மேல்குரல் வரிசையில் நின்றேன். அப்பா பின்வரிசை.

செல்வராணி: இந்தப் பாட்டு இருக்கட்டும். ஆசீர்வாத வசனம்தானே.

கிரேஸ்: அப்படியானால் ஆராதனையின் கடைசியில் இது. ரெக்வியத்திலிருந்து எது? செல்லோ வாசிக்க ஆள் கிடைக்கவில்லை. ஓபோ குழல் வாசிப்பவர் வருகிறார்.

ஜெபராஜ்: ஓபோ இருந்தால் ஆறாம் பகுதி. ‘கர்த்தர் என் மேய்ப்பர்.’ ஓபோவும் குரல்களும் மாறி மாறி வரும். அக்கா கேட்ட 23ஆம் சங்கீதமும் வந்துவிடும். ஆனால் ஆழங்களிலிருந்து பாடாமல் மேய்ப்பருக்கு மட்டும் போவது எனக்கு மனசு ஒப்பவில்லை.

பிரபு: செல்லோவுக்கு ஆள் பிடித்தால் பணம் நான் கொடுக்கிறேன் சித்தப்பா.

கிரேஸ்: நாளை மதியம் வரை பார்க்கிறேன். இல்லையென்றால் ஆர்கனில் சமாளிக்க வேண்டும்.

செல்வராணி: கீர்த்தனையை விட்டுவிடாதீர்கள். சாப்பாட்டுக்கு என்ன ஏற்பாடு?

லில்லி: புகைப்படம் பற்றி யாருமே பதில் சொல்லவில்லை.

சாமுவேல்: சனிக்கிழமை நம்முடைய நேரம் எத்தனை மணி?

கிரேஸ்: இங்கே பிற்பகல் 2. உங்களுக்கு மாலை 6.30 பெரியப்பா. இணைப்பு அனுப்புகிறேன்.

சாமுவேல்: சரி.

லில்லி: ஜெபராஜ், நோட்டின் அடுத்த பக்கத்தையும் அனுப்புங்கள். உங்கள் அண்ணன் ஹார்மோனியத்தின் துணியை எடுத்துவிட்டுக் கண்ணாடி தேடிக்கொண்டிருக்கிறார்.

ஜெபராஜ்: [புகைப்படம்]

சாமுவேல்: தம்பி, மூன்றாம் வரியில் அழிந்திருப்பது ‘எம்’மா, ‘எஃப்’பா?

ஜெபராஜ்: எஃப் அண்ணன்.