விண்டோஸ் மென்பொருளுக்குள் வலைப்பக்கம் காட்ட உதவும் செஃப்ஷார்ப்பிலிருந்து (CefSharp), அதே வேலையைச் செய்யும் மைக்ரோசாஃப்டின் வெப்வியூ2-வுக்கு (WebView2) மாறியவர்கள் யாராவது இருக்கிறீர்களா?

கடைகளுக்கான ஒரு பில்லிங் மென்பொருளை சி ஷார்ப்பில் எழுதிக்கொண்டிருக்கிறேன், ரிப்போர்ட் பக்கம் மட்டும் ஹெச்டிஎம்எல். அதற்காக செஃப்ஷார்ப் போட்டால் அதன் முக்கியக் கோப்பான லிப்செஃப் டிஎல்எல் ஒன்றே 100 எம்பிக்கு மேல், கூடவே மொழிக் கோப்புகள் இருக்கும் லோக்கேல்ஸ் ஃபோல்டர், பேக் (.pak) கோப்புகள் என்று ஒரு படையே வருகிறது; ஒரு அட்டவணை காட்ட குரோமுக்கு அடிப்படையான குரோமியம் பிரவுசரை முழுதாகச் சுமப்பது அநியாயம்.

வெப்வியூ2-வில் லோடர் டிஎல்எல் சின்னது, விண்டோஸ் 11-இல் ரன்டைமும் (அது இயங்கத் தேவையான பிரவுசர் பகுதி) கூடவே இருக்கும். சரி, ஆனால் சில கடைகளில் இன்னும் விண்டோஸ் 7தான், அதற்கு இரண்டுமே 109-ஆம் பதிப்போடு நின்றுவிட்டன.

ஃபிக்ஸட் வெர்ஷன் ரன்டைமை (தானாகப் புதுப்பிக்காமல் ஒரே பதிப்பில் நிற்பது) இன்ஸ்டாலரோடு சேர்த்துக் கொடுத்தவர்கள் சொல்லுங்கள், அளவு எவ்வளவு கூடியது? அப்புறம், செஃப்ஷார்ப்பிலேயே இருந்தால், லோக்கேல்ஸில் தமிழும் ஆங்கிலமும் தவிர மற்றதை அழித்துவிடலாமா?